மொத்தத்தில் குசேலன்...

ஆடி மாதம் ஆரல்வாய்மொழிக் கணவாயில் நடந்துபோகிறவர் உடுத்திருக்கும் வேட்டிக்கு அவர் பொறுப்பில்லை. அந்தக் காற்றை நம்பித்தான் முப்பந்தல் வரைக்கும் காற்றாலைகள் நிற்கின்றன. 2008 ஆடியிலும் அத்தனையும் பேய்ச்சுற்று சுற்றின. எங்கள் வீட்டில் மட்டும் கரண்ட் இல்லை.

போன நேரம்தான் கொடுமை. ஞாயிற்றுக்கிழமை, டிவியில் ‘குசேலன்’ விமர்சனம். படம் ஆகஸ்ட் 1-ல் வந்திருந்தது. அந்தக் கால டிவி விமர்சகர் பாதிக் கதையைச் சொல்வார், கேமராவை ஒரு வரி பாராட்டுவார், பிறகு ‘மொத்தத்தில்’ என்று இழுத்து, படத்தின் பெயரிலேயே ஒரு சிலேடை விடுவார். அதற்காகத்தான் வீடே பல்கூடத் தேய்க்காமல் உட்கார்ந்திருந்தது.

“மொத்தத்தில் குசேலன்...” என்றார். ஃபேன் நின்றது.

ரஜினி ரசிகரான சித்தப்பா தானே முடித்துவைத்தார்: “குசேலன் கொண்டாந்தது அவல் இல்லே, அல்வா!”

“அதத்தாம்லே நானும் சொல்லுதேன்” என்றார் பாட்டா.

பாட்டா திருவனந்தபுரத்தில் மூலப்படமான ‘கத பறயும்போள்’ பார்த்தவர். “சலூன்காரனா ஸ்ரீனிவாசன். மம்மூட்டி கடைசில வந்து பேசுவாரு பாரு, கல்லும் அழும். இங்க ரஜினிக்கு எடம் ஒதுக்குனதுல சலூன்காரனைக் காணல!”

“மலையாளப் படம் பாத்துட்டு தமிழ்ப் படத்துக்கு மார்க் போடுகீளா?”

“மார்க்கா? ‘16 வயதினிலே’க்கே விகடன் 62.5தாம்லே போட்டான்!”

இருவருமே ‘குசேலன்’ பார்த்திருக்கவில்லை. அதனால் விவாதம் ஒன்றரை மணி நேரம் தங்குதடையின்றி நடந்தது. சித்தி மட்டும் இடையில் வந்து, நாகர்கோவில் பஸ் டிக்கெட்டையும் தியேட்டர் டிக்கெட்டையும் கூட்டிச் சொல்லிவிட்டுப் போனாள். எனக்குத் தெரிந்து அன்றைக்கு ஆதாரத்தோடு பேசிய ஒரே விமர்சகர் அவள்தான்.

இப்போது விமர்சனம் இடைவேளையிலேயே போனில் வந்துவிடுகிறது. முதல் மூன்று நாள் யாரும் வாய் திறக்கக் கூடாது என்று தயாரிப்பாளர்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். 2024 டிசம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் அப்படித் தடைபோட மறுத்துவிட்டது. கணவாய்க் காற்றைக் கட்டிவைக்கச் சொல்லி நாங்களும் ஒரு மனு போட்டுப் பார்க்கலாம்.

அது கிடக்கட்டும். 2008 ஆகஸ்டில் உங்கள் ஊரில் கரண்ட் இருந்து, அந்த விமர்சகர் ‘மொத்தத்தில் குசேலன்...’ என்பதற்குப் பிறகு என்ன சொன்னார் என்று கேட்டவர்கள் யாராவது இருந்தால், தயவுசெய்து சொல்லுங்கள். சித்தப்பா இன்னும் அல்வாவிலேயே நிற்கிறார்.