நரையின் ஆதாயம்

கேள்வி: கைதட்டல் எல்லாம் கதாநாயகனுக்கே, குணசித்திர நடிகருக்கு என்ன ஆதாயம்?
– ஒரு வாசகர், கேரி தீவு

பதில்: இருபத்தைந்து வயதானால் உங்கள் தீவில் செம்பனையை வெட்டி மறுநடவு செய்கிறார்களே, கதாநாயகர் கதியும் ஏறக்குறைய அதுதான். ஆங்கில நடிகர் அலெக் கின்னஸ், முப்பதுகளிலேயே, ஒட்டு மூக்கோடு 1948இல் 'ஆலிவர் ட்விஸ்ட்' படத்தில் கிழவன் ஃபேகினாகப் பிரசித்தி பெறுவதற்கு ஓராண்டு முன்பே, ஏ.வி.எம். தயாரித்த 'நாம் இருவர்' படத்தில், இருபதைத் தொட்ட இளைஞரான நமது வி.கே. ராமசாமி, இழுத்துப் பேசும் அந்த விசேஷக் குரலோடு முதியவராகவே பிரவேசித்துவிட்டார். 1986இல் அவர் நடித்த 'மௌன ராகம்' வந்தபோது, சக நாயகர்கள் சாயக் கிண்ணத்தைத் தேடிக்கொண்டிருக்க, இவருக்கோ வேஷத்துக்கேற்ற வயது சாவகாசமாக, அதுவும் இலவசமாக, வந்து சேர்ந்திருந்தது!