வாக்குறுதீஸ்வரர் வழிபாடு: ஒரு முன்னாய்வுக்கான முன்னுரை

சத்தியங்களுக்கும் ஒப்பந்தங்களுக்கும் அதிபதியான, அருள்மிகு ஜாமீனாம்பிகை உடனுறை வாக்குறுதீஸ்வரரைப் பற்றி இதுவரை ஓர் ஆய்வுகூட வெளிவராதது தமிழாய்வுலகின் பெருங்குறை. அப்படியொரு சாமியே கிடையாது என்பது இதற்குத் தக்க காரணம் ஆகாது. இல்லாத பொருளைப் பற்றி முந்நூறு பக்கம் எழுதிப் பட்டமும் பதவி உயர்வும் பெற்றவர்கள் நம்மிடையே நலமாக இருக்கிறார்கள்.

முதற்கண் காலம். ஹிட்டைட் மன்னன் சுப்பிலுலியுமாவும் மிட்டானியின் ஷட்டிவாசாவும் கி.மு. 14ஆம் நூற்றாண்டில் செய்துகொண்ட உடன்படிக்கை, இன்றைய துருக்கியில் உள்ள போகஸ்கோய் என்ற ஊரில் களிமண் பலகைகளாகக் கிடைத்தது. மித்திரன், வருணன், இந்திரன், நாசத்தியர் என நமக்குத் தெரிந்த தேவர்கள் அதில் சாட்சிகளாக வருகிறார்கள். வாக்குறுதீஸ்வரர் பெயர் மட்டும் இல்லை. ஏன் இல்லை? பத்திரத்தை எழுதியவரே அவர்தான். ஆகவே சாட்சிகளோடு சேர்க்கவில்லை என்க. பெயர் இல்லாததே அவர் இருந்ததற்குச் சான்று. இந்த முறையியல் எம் கண்டுபிடிப்பு அன்று, அறிஞர் பலர் கையாண்டு பயன்கண்டது.

கிரேக்கர்களும் இவரைக் கடன் வாங்கினர். ஒலிம்பியாவில் கைக்கொரு இடியேறு ஏந்திய ஸியஸ் சிலைக்கு முன்னால், பன்றி இறைச்சித் துண்டுகளின் மேல் விளையாட்டு வீரர்கள் சத்தியம் செய்தார்கள் என்று கிரேக்கப் பயணி பௌசானியாஸ் எழுதிவைத்திருக்கிறார். தகப்பன், அண்ணன் தம்பி, பயிற்சி கொடுத்தவர் உட்பட அத்தனை பேரும் செய்ய வேண்டுமாம். குடும்பத்தோடு கையெழுத்து வாங்கும் இந்த வழக்கம் நம் ஊர் வட்டிக்கடையிலிருந்து போனது என்பதற்கு ஆதாரம் தேடிக்கொண்டிருக்கிறோம். முடிவு தயாராக இருக்கிறது.

இனித் திருவுருவம். வாகனம்: பல்லி. ஆயுதம்: மூடி தொலைந்த பேனா. தலவிருட்சம்: சார்பதிவாளர் அலுவலக வாசல் வேப்பமரம்.

அம்பாள் ஜாமீனாம்பிகையின் நிலை பரிதாபத்துக்குரியது. சுவாமி கொடுத்த வாக்குக்கெல்லாம் அம்பாள் ஜாமீன் நின்றதால் நகை, நிலம், இறுதியில் மூலஸ்தானம் என ஒவ்வொன்றாக ஏலம் போயிற்று (தலபுராணம், காணாமற்போன படலம், செய்யுள் 4). இத்தெய்வத்துக்கு எங்குமே கோயில் இல்லாததன் காரணம் இதனால் விளங்கும்.

கள ஆய்வு செய்தீரா என்று சிலர் கேட்கக்கூடும். அழகர்கோயில் வரை போனோம். அங்கே பதினெட்டாம்படிக் கருப்பண்ணசாமிக்குக் கதவுதான் திருமேனி. மூடிய பெருங்கதவில் சந்தனம் அப்பிக் கும்பிடுகிறார்கள். கொடுக்கல் வாங்கல் தகராறில் "படியில வந்து சத்தியம் பண்ணு" என்றால், அதுவரை மல்லுக்கு நின்றவன் முகம் மாறிவிடுகிறது. அங்கே போக வண்டி ஏறும் முன்பே பாதிப் பேர் உண்மையைக் கக்கிவிடுவார்கள் என்று சொன்னார்கள். இந்தத் தகவல்கள் எம் கருதுகோளுக்கு இடைஞ்சலாக இருந்தபடியால் கள ஆய்வை அத்துடன் நிறுத்திக்கொண்டோம். அந்தப் படியை மிதிக்கத் துணியாமல் திரும்பிய கூட்டமே வாக்குறுதீஸ்வரரின் அடியார் திருக்கூட்டம் என்று கொள்க.

சத்திய வகைகள்: தலையில் அடித்துச் செய்வது, பிள்ளையைக் கிடத்தித் தாண்டுவது (பிள்ளை தூங்கும்போது தாண்டினால் அரைச் சத்தியம்), அம்மா மேல் செய்வது (அம்மாவை யாரும் கேட்பதில்லை), சூடம் அணைத்துச் செய்வது. முன் மூன்றையும் பிறர் ஆராயட்டும். நான்காவதில்தான் வாழ்நாளைச் செலவிடத்தக்க சிக்கல் உளது.

வாக்களிப்பவன் உள்ளங்கையால் சூடத்தை அணைக்கப் போகிறான். கை தொடுவதற்குள் காற்றடித்துச் சூடம் அணைந்துவிடுகிறது. சத்தியம் செய்தது யார்?

காற்றுதான் என்பது வடபள்ளி. அணைத்தவர் வாயு பகவான். எனவே கடனை அடைக்க வேண்டியவரும் அவரே. தென்பள்ளி இதை ஏற்பதில்லை. பகவானுக்கு நிலையான முகவரி இல்லாததால் நோட்டீஸ் சார்வு செய்ய முடியாது; ஆகவே வேறு சூடம் ஏற்றவேண்டும் என்பார்கள். அந்த இரண்டாம் சூடத்துக்குக் காசு யார் தருவது என்பதில் தென்பள்ளி இரண்டாக உடைந்தது (வடபள்ளிச் சிற்றுரைக்குத் தென்பள்ளி மறுப்புரை, அதன் அடிக்குறிப்பு 212, அடிக்குறிப்பின் அடிக்குறிப்பு). மின்விசிறிக் காற்றில் அணைந்தால் மின்வாரியம் பொறுப்பா என்ற வினாவை எழுப்பிய உட்பிரிவினர், சுவிட்சைப் போட்டவர் யார் என்பதில் முட்டிக்கொண்டு தனித்தனி இதழ் நடத்துகிறார்கள். அங்கே வந்த கட்டுரைக்கு இங்கேயும், இங்கே வந்ததற்கு அங்கேயும் மறுப்பு வரும். எல்லாவற்றையும் எழுதுபவர் ஒருவரே என்றொரு வதந்தி உண்டு (கரையான் தின்ற ஓலைச்சுவடி, இடது ஓரம், தின்றது போக எஞ்சிய பகுதி, ஒப்புநோக்குக: தின்ற பகுதி).

இவ்வளவு பேரும் காணத் தவறியது ஒன்றுண்டு. இன்று கடையில் வில்லை வில்லையாக விற்கும் சூடத்தில் பெரும்பங்கு கற்பூர மரத்திலிருந்து வருவதன்று. பைன் மரப் பிசினிலிருந்து எடுக்கும் டர்பன்டைனைக் கொண்டு ஆலையில் செய்வது. பெயிண்ட் அடிப்பவர் பிரஷ் கழுவும் அதே டர்பன்டைன். ஆகவே, நம் முன்னோர் கற்பூரத்தின் மேல் செய்தனர். நாமோ பெயிண்ட் கடையின் மேல் செய்கிறோம். மேலும், சூடம் எரிந்தால் சாம்பல் மிஞ்சாது. ஆன்மா இறைவனில் கலப்பதற்கு இதை உவமை காட்டுவார்கள் பெரியோர். கடன் வாங்கியவன் சூடத்தை விரும்புவது வேறு காரணத்தால்: தடயம் இருக்காது.

தடயம் வேண்டுவோர்க்கு உள்ளது புரோநோட்டு. ரெவின்யூ ஸ்டாம்ப்பின் மேல் குறுக்காக ஒரு கையெழுத்து, மடித்து மடித்து நைந்த காகிதம், பீரோவில் பட்டுப்புடவைக்கு அடியில் இடம். 1963ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டப்படி இதற்கு மூன்று ஆண்டுதான் உயிர். கெடு நெருங்கும்போது கொடுத்தவர் வாங்கியவர் வீட்டுக்குப் போய், காபி குடித்து, ஊர்க்கதை பேசி, "ஒரு நூறு ரூபாயாவது வரவு வச்சிடுங்க மாமா" என்று நோட்டைத் திருப்பி நீட்டுவார். பின்பக்கத்தில் தேதியோடு வரவெழுதிக் கையெழுத்து விழுந்துவிட்டால் இன்னும் மூன்று ஆண்டு. மாமாவோ காபியை மட்டும் வரவு வைப்பார். நம் சுவாமிக்கு ஞாபகசக்தி மூன்று ஆண்டு என்பதும், அதன்பின் அவர் யோக நித்திரையில் ஆழ்வார் என்பதும் இதனால் பெறப்படும்.

அடியார் திருக்கூட்டத்தில் தலையாயவர் யார்? அரசியல்வாதி என்று பாமரர் நினைப்பர். அவர் மேடையில் வாய்ச்சொல்லாகத் தருகிறார், எழுதிக் கையெழுத்திடுவதில்லை. எழுதிக் கையெழுத்திட்டுத் தருபவரைக் காண ஆய்வேடுகளின் முன்பக்கத்தைப் புரட்டுக. "இவ்வாய்வேடு என் சொந்த முயற்சியால் உருவானது, இதற்குமுன் எந்தப் பட்டத்திற்கும் அளிக்கப்படவில்லை என உறுதியளிக்கிறேன்" என்று ஒரு பக்கம் இருக்கும். இடம், தேதி, கையொப்பம், நெறியாளர் சான்று எல்லாம் முறைப்படி இருக்கும். அந்தப் பக்கம் முந்தைய ஆய்வேட்டிலிருந்து எடுத்தது. அவசரத்தில் முந்தையவரின் ஊர்ப்பெயரை மாற்ற மறந்திருப்பார்கள்.

இக்கட்டுரைக்கும் அத்தகைய உறுதிமொழிப் படிவம் ஒன்றைக் கருத்தரங்கக் குழுவினர் கேட்டிருக்கிறார்கள், பதிவுக் கட்டண ரசீதுடன். கட்டணம் எக்காரணம் கொண்டும் திருப்பித் தரப்படாது என்று தடித்த எழுத்தில் போட்டிருக்கிறார்கள். படிவத்தை நிரப்பியாயிற்று. நெறியாளர் கையொப்பமிட வேண்டிய இடத்தில் பல்லியின் கால்தடம் பெற முயன்று வருகிறோம்.