நாலு போல்ட்டும் ஒரு சகலையும்

குழந்தையின் பிறந்தநாளுக்கு வாங்கிய, காலால் உந்தி ஓட்டும் கிக் ஸ்கூட்டர் வந்த பெட்டியைப் பிரித்தால், உள்ளே பயமுறுத்தும்படி ஒன்றும் இருக்காது. சக்கரங்களோடு மடித்து வைத்த பலகை, டி எழுத்து வடிவில் ஒரு ஹேண்டில்பார், இரண்டு ரப்பர் பிடி, எல் போல வளைந்த ஆலன் கீ ஒன்றோ இரண்டோ, உலகத்து மொழிகளையெல்லாம் நினைவு வைத்துக்கொண்டு தமிழை மட்டும் மறந்துவிட்ட ஒரு தாள். நாம் கைவைத்து முடுக்க வேண்டிய போல்ட்டுகள் பெரும்பாலான மாடல்களில் ஒரு கை விரல்களுக்குள் அடங்கிவிடும். கால்மணி நேர வேலை. பூட்டுவதற்கு ஒரு ஆள் தாராளம். ஆனால் பாதுகாப்பாகப் பூட்ட இரண்டு ஆள் வேண்டும் என்பது என் கட்சி. இரண்டாமவர் தூக்கிப் பிடிக்க வேண்டியதில்லை, திருப்புளி எடுத்துக் கொடுக்க வேண்டியதில்லை. பூட்டும்போது அந்தப் பக்கம் வராமலிருந்தாலே உத்தமம். எல்லாம் முடிந்த பிறகு வந்து குற்றம் கண்டுபிடிக்க வேண்டும், அவ்வளவுதான். இந்தப் பணிக்கென்றே நம் குடும்ப அமைப்பு ஒரு உறவை எப்போதும் தயார் நிலையில் வைத்திருக்கிறது: சகலை. (பூட்டுவது அம்மா என்றால் அந்தப் பதவி நாத்தனாருக்கு.)

நாலு போல்ட்டுக்கு இரண்டு ஆளா என்று கேட்பீர்கள். நாலே நாலு என்பதால்தான். உதிரிகள் நூறு இருந்தால் மனிதனுக்குப் பயம் வருகிறது. பயம் வந்தால் தாளைப் படிக்கிறான், திருகுகளைத் தரையில் வரிசையாக அடுக்குகிறான், யாராவது பேச்சுக் கொடுத்தால் "இரு, எண்ணிக்கிட்டிருக்கேன்" என்கிறான். நாலைப் பார்த்தால் வருவது அலட்சியம். எந்திரத்தின் கணக்கோ நேர் எதிர். ஓடுகிற டவுன்பஸ்ஸில் எத்தனையோ திருகுகள் ஆடிக்கொண்டிருக்கும், சில வழியிலேயே இறங்கியும் போயிருக்கும். ஒன்றின் வேலையை அக்கம்பக்கத்துத் திருகுகள் பார்த்துக்கொள்வதால் பஸ் பாட்டுக்குப் போகிறது. ஸ்கூட்டரில் அந்த வசதி கிடையாது. ஹேண்டில்பாரையும் முன்சக்கரத்தையும் சேர்த்துப் பிடித்திருப்பது பல மாடல்களில் ஒரே ஒரு கிளாம்ப். அது தளர்ந்தால் கைப்பிடி இடப்பக்கம் திரும்பும், சக்கரம் தன் இஷ்டத்துக்கு நேரே போகும். மடிப்பு மூட்டின் பூட்டு சரியாக விழாவிட்டால், நிற்கும்போது நிமிர்ந்திருந்த தண்டு ஓடும்போது மடியும். லீவு போட்டால் பதிலுக்கு ஆளில்லாத ஊழியர்கள் இவர்கள்.

கொஞ்சம் கிட்டே போய்ப் பார்க்கலாம். மடிந்திருப்பதை நிமிர்த்தும்போது 'க்ளிக்' என்று ஒரு சத்தம் கேட்க வேண்டும். கேட்ட மாதிரி இருந்தது என்பது கணக்கில் சேராது. தண்டைப் பிடித்து முன்னும் பின்னும் தள்ளி, அசையவில்லை என்றால்தான் பூட்டு விழுந்திருக்கிறது. விரலைக் கவ்வும் இடமும் இதுதான். 2009-இல் மெக்லாரன் என்ற பிரிட்டிஷ் கம்பெனி அமெரிக்காவில் விற்ற சுமார் 10 லட்சம் குழந்தைத் தள்ளுவண்டிகளுக்குக் கீலை மூடும் உறை கொடுக்க வேண்டி வந்தது. மடிப்புக் கீலில் சிக்கிக் குழந்தைகளின் விரல் நுனி துண்டான சம்பவங்கள் 12 நடந்திருந்தன. எனவே இந்தக் கட்டத்தில் பிறந்தநாள் குழந்தை நாலடி தள்ளி நிற்கட்டும். அடுத்து ஹேண்டில்பார். உயரம் வைக்கும் குழாயில் ஒரு ஸ்பிரிங் பட்டன் இருந்தால், அது துளை வழியே முழுசாக வெளியே தலைநீட்ட வேண்டும். பாதித் தலை தெரிந்தால் இன்னும் உட்காரவில்லை. பிறகு கிளாம்பின் லீவர். ஒரே விரலால் அதை மூட முடிந்தால் தளர்ச்சி என்று அர்த்தம்; மூடி முடிக்கும்போது உள்ளங்கையில் அச்சுப் பதிய வேண்டும் என்பது சைக்கிள்காரர்களின் அளவுகோல். காசில்லாத மீட்டர். லீவருக்குப் பதில் போல்ட்டு இருந்தால், முதல் நாலு சுற்று வெறும் விரலால் ஏற்ற வேண்டும். கோணலாக ஏறினால் அங்கேயே தெரிந்துவிடும். இரண்டு போல்ட்டு இருந்தால் ஒன்றை முழுசாக முடுக்கிவிட்டு அடுத்ததற்குப் போகாமல், இதில் கொஞ்சம் அதில் கொஞ்சம் என்று மாற்றி மாற்றி. இரண்டு பிள்ளை பெற்றவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஆலன் கீயின் நீண்ட முனையைப் பிடித்துத் திருகினால் விசை பல மடங்கு கூடும் என்பதும் நினைவிருக்கட்டும். அலுமினியம் மெத்தென்ற உலோகம்; அதனிடம் புஜபலம் காட்டினால் மரை போய்விடும். மரை கழன்றவர்களை நாம் அறிவோம். போல்ட்டுக்கும் அதே கதிதான்: சுற்றிக்கொண்டே இருக்கும், எதையும் பிடிக்காது.

இத்தனையும் பார்த்துப் பார்த்துச் செய்தவர், கடைசியில் தானே ஒருமுறை சரிபார்த்துக்கொண்டால் போதாதா? போதாது என்பதற்கு ஆராய்ச்சியே இருக்கிறது. மைக்கேல் நார்ட்டன், டேனியல் மோச்சன், டான் ஏரியலி என்ற மூவர் 2012-இல் வெளியிட்ட கட்டுரையில் 'ஐக்கியா விளைவு' என்று ஒன்றுக்குப் பெயர் வைத்தார்கள். ஆட்களை உட்கார வைத்து, வாங்கியவரே பூட்டிக்கொள்ளும் சாமான் விற்கும் ஐக்கியா கம்பெனியின் பெட்டிகளைப் பூட்டச் சொன்னார்கள், காகிதத்தை ஓரிகாமி மடிக்கச் சொன்னார்கள், லெகோ கட்டச் சொன்னார்கள். தன் கையால் மடித்த கசங்கல் காகிதத்தைக் கைதேர்ந்த கலைஞர் மடித்ததற்குக் கிட்டத்தட்டச் சமமாகவே மதிப்பிட்டார்கள் அந்த ஆட்கள். மடிக்காதவர்கள் அதற்குக் காலணாதான் கொடுக்கத் தயாராயிருந்தார்கள். காக்கை தன் குஞ்சைப் பற்றி என்ன நினைக்கிறது என்று நம் பாட்டிகள் எப்போதோ சொல்லிவிட்ட சமாச்சாரம்தான். இவர்கள் அதை ஆய்வுக்கூடத்தில் நிரூபித்தார்கள். ஸ்கூட்டர் பூட்டியவரின் கண்ணும் காக்கையின் கண்தான். ஹேண்டில் ஒருபக்கம் சாய்ந்திருந்தால் "டிசைனே அப்படித்தான்" என்பார். தரையில் ஒரு வாஷர் மிஞ்சிக் கிடந்தால், கம்பெனியின் தாராளத்தைப் பாராட்டிவிட்டுச் சட்டைப்பையில் போட்டுக்கொள்வார்.

திறமை இருந்தால் இப்படி நடக்காது என்று ஒரு வாதம் வரும். 1990 ஜூன் 10 அன்று பர்மிங்ஹாமிலிருந்து ஸ்பெயினின் மலாகாவுக்குக் கிளம்பிய பிரிட்டிஷ் ஏர்வேஸ் 5390 விமானம் 17,000 அடியைத் தாண்டியபோது, விமானி அறையின் முன்கண்ணாடி ஒன்று பிய்த்துக்கொண்டு போனது. கேப்டன் டிம் லங்காஸ்டர் பாதி உடம்பு வெளியே இழுக்கப்பட்டார். ஊழியர்கள் அவரைக் கெட்டியாகப் பிடித்துக்கொள்ள, துணை விமானி சவுத்தாம்ப்டனில் பத்திரமாக இறக்கினார். கேப்டன் பிழைத்தார், சில மாதங்களில் மறுபடி விமானம் ஓட்டவும் போனார். விசாரித்தால், கிளம்புவதற்கு 27 மணி நேரம் முன்புதான் அந்தக் கண்ணாடியை மாற்றியிருந்தார்கள். போட்டிருந்த 90 போல்ட்டில் 84 விட்டம் குறைந்தவை. வித்தியாசம் ஒரு மில்லிமீட்டர்கூட இல்லை. பூட்டியவர் கற்றுக்குட்டி அல்ல, ஷிஃப்ட்டுக்கே மேலாளர். பழைய போல்ட்டைப் பக்கத்தில் வைத்துக் கண்ணால் ஒப்பிட்டுப் புதியதை எடுத்தார். வேலை செய்தவரும் அவர், வேலை சரி என்றவரும் அவர். இன்னொருவர் கட்டாயம் சரிபார்க்க வேண்டிய பாகங்களின் பட்டியலில் அந்தக் கண்ணாடி இடம்பெறவில்லை. கருவி இருந்தது, அனுபவம் இருந்தது. அந்த ஹேங்கரில் இல்லாமல் போனது ஒரு சகலை.

விமானத்தையும் விளையாட்டுச் சாமானையும் ஒரே தராசில் வைக்கலாமா என்பது நியாயமான கேள்வி. ஸ்கூட்டர் என்ன வேகம் போய்விடும்? மணிக்கு 14 கிலோமீட்டர் என்று வைத்துக்கொண்டால், அந்த வேகத்தில் எதிலாவது மோதுவது சாப்பாட்டு மேசை உயரத்திலிருந்து தரையில் விழுவதற்குச் சமம். பள்ளிக்கூடத்து இயற்பியலே இதைச் சொல்லிவிடும். குழந்தையை மேசையிலிருந்து விழவிட்டுப் பரவாயில்லை என்று சொல்லும் பெற்றோரைப் பார்த்ததில்லை. போதாததற்கு, சக்கரம் சின்னது. சிறுவர் ஸ்கூட்டர்களில் பரவலாக இருப்பது விட்டம் 100 மில்லிமீட்டர் அளவுச் சக்கரம். புதுக் கார் வாங்கினால் சக்கரத்தடியில் எலுமிச்சம்பழம் வைத்து நசுக்குகிறோம், கார் ஒரு குலுங்கல்கூட இல்லாமல் ஏறிப் போகிறது. ஸ்கூட்டரின் முன்னால் அதே பழத்தை வைத்தால் ஸ்கூட்டர் நின்றுவிடும், ஓட்டுபவர் மட்டும் போய்க்கொண்டிருப்பார். தெருவில் எலுமிச்சம்பழத்துக்குப் பதில் ஜல்லிக்கல். இப்படி வழியெல்லாம் இடி வாங்கும் வண்டியில் போல்ட்டுகள் மேலும் தளரத்தான் பார்க்கும்; கிளம்பும்போதே தளர்ந்திருந்தால் கேட்க வேண்டாம்.

முக்கியமான இடங்களையெல்லாம் தொழிற்சாலையிலேயே முடுக்கித்தானே அனுப்புகிறார்கள் என்பவர்களுக்கு 2019-ஆம் ஆண்டுச் செய்தி ஒன்று. ஷாவ்மி கம்பெனி தன் எம்365 மின்சார ஸ்கூட்டர்களில் 10,257 வண்டிகளைத் திரும்ப அழைத்தது. அவற்றில் பெரும்பகுதி பிரிட்டனில் விற்றவை. மோட்டார் எரியவில்லை, பேட்டரி வெடிக்கவில்லை; மடிப்பு மூட்டிலிருந்த ஒரு திருகு தளர்ந்து, தண்டே முறியக்கூடும் என்பதுதான் காரணம். தொழிற்சாலையை நான் குறை சொல்லவில்லை. அங்கேயும் மனிதர்கள், அங்கேயும் ஷிஃப்ட் முடியும் நேரம். பெட்டிக்குள் பூட்டியே வந்த பாகங்களையும் சகலை தொட்டுப் பார்க்க வேண்டும் என்பதற்காகச் சொல்கிறேன்.

சைக்கிள் கடையில் கொடுத்துவிட்டால் என்ன? நல்ல யோசனை, இரும்போடு முப்பது வருஷம் பழகிய கைக்கு என் வணக்கம். ஆனால் அவர் ஸ்டூலில் உட்கார்ந்து பூட்டினாலும் பூட்டியவர் பூட்டியவர்தான், சகலைக்கு விடுமுறை கிடையாது. வீட்டிலேயே பூட்டுவதானால் பிறந்தநாளுக்கு முந்தின இரவு பூட்டிவிடுவது மேல். மெழுகுவத்தி ஊதிய கையோடு பெட்டியைப் பிரித்தால், "ஆச்சாப்பா?" என்று நிமிஷத்துக்கு மூன்று முறை கேட்கும் குரலின் நடுவே எந்த மனிதனும் கிளாம்பை உள்ளங்கை அச்சு வரைக்கும் மூட மாட்டான். ஆச்சரியத்தோடு பெட்டி பிரிக்கும் இன்பம் போய்விடுமே என்றால், பூட்டிய வண்டியைப் பழைய போர்வையால் மூடி வையுங்கள், அதைப் பிரிக்கட்டும். சோதனை ஓட்டம் என்ற பெயரில் அப்பா ஹாலில் ஒரு ரவுண்டு அடிப்பது மட்டும் வேண்டாம். பல சிறுவர் ஸ்கூட்டர்களில் 50 கிலோ வரைதான் என்று அச்சடித்திருக்கும். அந்த எண்ணைத் தாண்டிய வயிறு தாளைப் படிக்காமல் ஏறிவிடுகிறது.

சகலை வந்ததும் காப்பி கொடுப்பதற்கு முன்னால் ஸ்கூட்டரைக் கொடுக்க வேண்டும். பசியோடு இருக்கும் விமர்சகர் கூர்மையானவர். முன்சக்கரத்தை இரண்டு முழங்காலுக்கு நடுவே இடுக்கிக்கொண்டு ஹேண்டிலை இருபுறமும் பலமாகத் திருகிப் பார்க்கட்டும். சக்கரம் நகராமல் கைப்பிடி மட்டும் வழுக்கித் திரும்பினால் முதல் வெற்றி அவருக்கு. ஒவ்வொரு சக்கரத்தையும் பக்கவாட்டில் ஆட்டி, பேரிங்கில் பிளே இருக்கிறதா என்று பார்க்கட்டும். பலகையை ஒரு சாண் தூக்கிக் கீழே போட்டால் 'தட்' என்று ஒரே சத்தம் வர வேண்டும். கூடவே 'கடகட' வந்தால் எங்கோ ஒன்று தளர்ந்திருக்கிறது. ரப்பர் பிடி கையோடு சுழன்று வருகிறதா, பின்சக்கரத்து மட்கார்டு பிரேக்கை மிதித்தால் பிடித்துவிட்டு மறுபடி எழும்புகிறதா, எல்லாம் அவர் பொறுப்பு. நாலு நாள் ஓட்டிய பிறகு மறுபடி ஒருமுறை அவரை அழைக்க வேண்டியிருக்கும், புதுசாகப் பூட்டியது அதற்குள் கொஞ்சம் இளகியிருக்கும். அதுவரை ஆலன் கீயை ஃபிரிட்ஜ் மேலிருக்கும் டப்பாவில், செத்த பேட்டரிகளோடும் எந்தப் பூட்டுக்கும் சேராத சாவிகளோடும் போட்டுவிடாமலிருப்பது பூட்டியவர் பொறுப்பு. சகலை எல்லாவற்றையும் ஆட்டி, திருகி, தூக்கிப் போட்டுப் பார்த்து, கையைத் துடைத்துக்கொண்டு, முகத்தில் லேசான ஏமாற்றத்தோடு, "அதெல்லாம் சரி, இந்தக் கலர்தான் கிடைச்சுதா?" என்று கேட்டால், குழந்தையைக் கூப்பிடலாம்.