ஐந்து வழிகளும் முப்பது பைசாவும்

இன்று காலை ஐந்து நாற்பதுக்கு என்னிடம் 999 ரூபாய் 70 பைசா இருந்தது. என்னிடம் என்றால் என் கைபேசியில். ஆயிரம் ஆனால்தான் எடுக்க முடியும். இப்போது மணி பதினொன்று. 999 ரூபாய் 73 பைசா இருக்கிறது. கைபேசியில் விளையாடிக் காசு பார்க்க ஐந்து வழிகள் என்று ஒரு கட்டுரை தருவதாக ஒப்புக்கொண்டிருந்தேன். இந்த மனநிலையில்தான் அதை எழுத உட்கார்ந்திருக்கிறேன். ஐந்தையும் சொல்லிவிடுகிறேன். வரிசையாகவே சொல்கிறேன்.

முதல் வழி, பழம் சேர்ப்பது. உங்களுக்குத் தெரியாததல்ல. திராட்சையும் திராட்சையும் முட்டினால் எலுமிச்சை, எலுமிச்சையும் எலுமிச்சையும் முட்டினால் ஆரஞ்சு, இப்படியே போய்க் கடைசியில் தர்பூசணி. தர்பூசணி வந்தால் திரை முழுக்கப் பொற்காசு கொட்டும், மேலே மூலையில் ரூபாய் ஏறும். உங்களுடையது பழமாக இல்லாமல் பந்தாகவோ மிட்டாயாகவோ இருக்கலாம். வியாதி ஒன்றுதான்.

இதில் என்னை இழுத்துவிட்டவன் என் மச்சினன். "மாமா, சும்மா லிங்க்கைத் தட்டுங்க, மீதியை அதுவே சொல்லும்" என்றான். தட்டினேன். முதல் தர்பூசணிக்கு 180 ரூபாய் கொடுத்தது. இரண்டாவதற்கு 140. அன்று ராத்திரி சாப்பிடும்போது 612 ரூபாய் சேர்ந்திருந்தது. முப்பத்தோரு வருடம் அலுவலகத்தில் குப்பை கொட்டியதை நினைத்து எனக்கே வெட்கமாக இருந்தது. மூன்றாம் நாள் முடிவில் 900ஐத் தாண்டினேன். விருந்தும் மருந்தும் மூன்று நாள் என்பது அந்த ஆப்பை எழுதியவனுக்கும் தெரிந்திருக்கிறது. நாலாம் நாள் தர்பூசணிக்கு ஐந்து ரூபாய். அப்புறம் ஒன்று. அப்புறம் அரை, கால், அரைக்கால்.

இங்கேதான் எனக்கு என் தாத்தா ஞாபகம் வந்தார். திண்ணைப் பள்ளிக்கூடத்தில் எண்சுவடி ஒப்பித்தவர். கால், அரைக்காலோடு நிற்கிறவர் இல்லை. அதற்குக் கீழே மாகாணி, பதினாறில் ஒன்று. மா, இருபதில் ஒன்று. காணி, எண்பதில் ஒன்று. அரைக்காணி, நூற்றறுபதில் ஒன்று. முந்திரி, முந்நூற்றிருபதில் ஒன்று. "எதுக்கு தாத்தா இவ்வளவு பொடிசா?" என்று சின்ன வயதில் கேட்டிருக்கிறேன். "உனக்கு ஒருநாள் வேண்டியிருக்கும்டா" என்றார். நெல் அளக்க, நிலம் அளக்க என்று நினைத்துக்கொண்டேன். இதற்குத்தான் என்று அவருக்கு எப்படித் தெரிந்ததோ!

கணக்கு சுத்தமாக வருகிறது. ஐந்தாம் நாள் தர்பூசணிக்கு மாகாணி ரூபாய். ஆறாம் நாள் காணி. 999ஐத் தொட்ட பிறகு தர்பூசணிக்கு ஒன்றுமில்லை, விளம்பரம் பார்த்தால்தான் உண்டு. இன்று காலை ஒரு விளம்பரத்துக்கு ஒரு முந்திரி. பாயசத்தில் போடுகிற முந்திரியை நினைத்துக்கொள்ளாதீர்கள், அது கிலோ என்ன விலை விற்கிறது! இது ரூபாயில் முந்நூற்றிருபதில் ஒன்று, பைசாவில் மூன்றில் ஒரு பங்குக்கும் கொஞ்சம் குறைவு. மூன்று விளம்பரம் பார்த்தால் ஒரு பைசா நகரும், சில சமயம் நாலு. முப்பது பைசாவுக்குத் தொண்ணூற்றாறு விளம்பரம். ஒன்றுக்கு அரை நிமிடம் என்றால் நாற்பத்தெட்டு நிமிடம். ஆறரைக்குள் ஆயிரம் ஆகிவிடும், ஏழு மணிக்குப் பால் வாங்கப் போகும்போது பணக்காரனாகப் போகலாம் என்று போட்ட கணக்கில் ஒரு பிழையும் கிடையாது. தாத்தா இருந்தால் தலையாட்டியிருப்பார்.

பத்து விளம்பரம் அப்படித்தான் போனது. 73 பைசா ஆனது. பதினோராவது விளம்பரம் முடிந்ததும் காசு வழக்கம்போல் பறந்து வந்தது, கலகலவென்று சத்தமும் வந்தது, மூலையில் இருந்த எண் மட்டும் அசையவில்லை. பன்னிரண்டாவதற்கும் அசையவில்லை. இருபதாவதில்தான் எனக்கு உறைத்தது. முந்திரிக்குக் கீழேயும் எண்சுவடி இருக்கிறது. அந்த முந்திரியையே முந்நூற்றிருபது கூறு போட்டால் ஒரு கூறுக்குக் கீழ்முந்திரி என்று பெயர். ரூபாயில் 1,02,400இல் ஒன்று. ஆப் இப்போது எனக்குக் கீழ்முந்திரி கொடுத்துக்கொண்டிருக்கிறது! கொடுக்கவில்லை என்று சொல்ல முடியாது. அதற்கும் கீழே இம்மி இருக்கிறது. இம்மியளவும் ஏமாற்றமாட்டோம் என்று யாராவது சொன்னால் இனிமேல் நான் நம்பப்போவதில்லை, இம்மிவரை போகிறவர்களை எனக்குத் தெரியும்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இந்திய அரசாங்கம் 25 பைசாவையும் அதற்குக் கீழே உள்ள காசுகளையும் 2011 ஜூன் 30ஓடு செல்லாது என்று சொல்லிவிட்டது. முப்பது பைசாவைக் காசாக எண்ணி என் கையில் கொடுக்க இந்த நாட்டில் யாராலும் முடியாது. பஸ் கண்டக்டர் ஒரு ரூபாய் சில்லறை பாக்கி வைத்தாலே டிக்கெட்டின் பின்னால் எழுதித் தரச் சொல்கிற ஆள் நான். அப்படிப்பட்டவன் இல்லாத காசுக்காக விடியற்காலையில் மொட்டை மாடியில் உட்கார்ந்திருக்கிறேன்.

"அந்த நேரத்துல கீழ வந்து மோட்டாரைப் போட்டிருந்தா தண்ணியாவது ஏறியிருக்கும்" என்றாள் மனைவி. நேற்று விளம்பரம் பார்த்தே டேட்டா தீர்ந்துபோய், 19 ரூபாய்க்குத் தனியாக டேட்டா போட்டேன். அது அவளுக்குத் தெரியாது. இந்த இதழ் எங்கள் வீட்டுக்கு வராது என்ற தைரியத்தில் எழுதுகிறேன்.

விளம்பரம் என்றேன். அதைப் பற்றியும் ஒரு வார்த்தை. விளம்பரம் முடிந்ததும் மூடுவதற்கு மூலையில் ஒரு பெருக்கல் குறி வருமே, அது எள்ளளவுதான் இருக்கும். என் கட்டைவிரலோ மரமேறிப் புளி உலுக்கி வளர்ந்த விரல். குறிக்குப் பக்கத்தில் பட்டால் பிளே ஸ்டோர் திறந்துகொள்ளும். திரும்பி வந்தால் விளம்பரம் முதலிலிருந்து ஓடும். சிலதில் இரண்டு பெருக்கல் குறி இருக்கும், ஒன்று படத்தில் வரைந்தது. எது நிஜம் என்று கண்டுபிடித்தால் அதற்கும் ஒரு முந்திரி கொடுக்கலாம், கொடுப்பதில்லை.

இத்தனைக்கும் விளம்பரம் எதற்கு? இன்னொரு ஆட்டத்துக்கு. பனியில் ஓட்டை வீட்டில் ஒரு அம்மாவும் குழந்தையும் நடுங்கிக்கொண்டிருப்பார்கள். விறகும் தீப்பெட்டியும் பக்கத்திலேயே இருக்கும். விளையாடுகிற கை வேண்டுமென்றே வாளித் தண்ணீரை எடுத்து அவர்கள் தலையில் ஊற்றும். எனக்கு ரத்தக்கொதிப்பு. "விறகை எடுடா!" என்று மாடியிலிருந்து கத்தியதில் எதிர்வீட்டுக்காரர் எட்டிப் பார்த்தார். சரி, நாமே காப்பாற்றுவோம் என்று அதையும் இறக்கினேன். உள்ளே அம்மாவும் இல்லை, குழந்தையும் இல்லை. மூன்று மூன்றாக மிட்டாய் அடுக்க வேண்டும். இதே மாதிரி விளம்பரத்தில் ஒன்றும் ஆட்டத்தில் ஒன்றுமாக இருந்த இரண்டு விளம்பரங்களுக்கு 2020இல் பிரிட்டனின் விளம்பரக் கண்காணிப்பு அமைப்பு தடை போட்டது. அங்கேயும் யாரோ மாடியிலிருந்து கத்தியிருக்கிறார்கள்.

இதற்கு நடுவே "ஐந்து நிமிடத்தில் கடன்" விளம்பரம் வேறு. சம்பாதிக்க வந்த இடத்தில் கடன் விளம்பரம் போடுகிறார்கள் என்றால் என்னைப் பற்றி என் குடும்பத்தைவிட அவர்களுக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது. விளம்பரக்காரன் ஆப்காரனுக்குக் காசு கொடுக்கிறான். நான் எத்தனை தரம் பார்க்கிறேனோ அத்தனைக்கும் கொடுக்கிறான். செக்கு இழுப்பது நான், எண்ணெய் ஆப்காரனுக்கு. எனக்குப் பிண்ணாக்கிலும் கீழ்முந்திரி.

மச்சினனுக்குப் போன தீபாவளிக்கே ஆயிரம் ஆகிவிட்டது. இப்போது அவன் வரிசையில் நிற்கிறான். பணம் எடுக்கப் பொத்தானை அழுத்தினால், உங்களுக்கு முன்னால் 48,213 பேர் இருக்கிறார்கள், முன்னேற விளம்பரம் பார்க்கவும் என்று வந்ததாம். ரேஷன் கடை வரிசை எவ்வளவோ மேல். பையையோ கல்லையோ இடத்தில் வைத்துவிட்டு டீ குடிக்கப் போகலாம்.

சரி, இரண்டாவது வழி. ரம்மி. இதை நான் வழியென்று சொல்லக்கூடாது, அடைத்துவிட்டார்கள். ரம்மி பெரும்பாலும் திறமையால் ஆடுகிற ஆட்டம் என்று உச்ச நீதிமன்றம் 1967இல் சொன்னது. எங்கள் சித்தப்பா அந்தத் தீர்ப்பை மனப்பாடமாக வைத்திருந்தார். கிளப்பிலிருந்து லேட்டாக வரும் நாளெல்லாம் வாசற்படியிலேயே ஆரம்பித்துவிடுவார். "திறமைதான்னா நீங்க ஏன் தினம் தோக்கறீங்க?" என்று சித்தி கேட்பார். அந்தக் கேள்விக்கு உச்ச நீதிமன்றம் எதுவும் சொல்லியிருக்கவில்லை.

அது சீட்டுக்கட்டு காலம். சீட்டு கைபேசிக்குள் வந்த பிறகு நடந்தது வேறு. தமிழ்நாட்டில் 2022இல் சட்டம் போட்டார்கள், ஆளுநர் திருப்பி அனுப்பினார், 2023இல் மறுபடி நிறைவேற்றி ஒப்புதல் வாங்கினார்கள், அதே வருடம் நவம்பரில் உயர் நீதிமன்றம் ரம்மியையும் போக்கரையும் தடையிலிருந்து விடுவித்தது. 2025 பிப்ரவரியில் நள்ளிரவு பன்னிரண்டிலிருந்து காலை ஐந்துவரை காசு வைத்து ஆடக்கூடாது என்று விதி வந்தது. அந்த ஆகஸ்டில் நாடாளுமன்றம், திறமையோ அதிர்ஷ்டமோ, ஆன்லைனில் காசு கட்டி ஆடுகிற எதுவும் கூடாது என்று ஒரேயடியாகச் சட்டம் இயற்றியது. இதற்கிடையில் எத்தனை பேர் நகையை வைத்தார்கள், எத்தனை பேர் உயிரை விட்டார்கள் என்று தினமும் பேப்பரில் படித்தோம். அதில் சிரிக்க எனக்கு ஒன்றும் கிடைக்கவில்லை. விளம்பரத்தின் கடைசியில், பழக்கமாகிவிடலாம், பொறுப்புடன் விளையாடவும் என்று ஒருவர் மூச்சுவிடாமல் ஓட்டமாகச் சொல்வாரே, அந்தக் குரல்மேல் எனக்கு இன்னும் கோபம் ஆறவில்லை.

ஆகவே ரம்மியை அடித்துவிடுங்கள். இரண்டாவது வழி காலியாகிறது.

மச்சினன் மகன் சொன்ன வழியை அதில் வைக்கலாம். பொறியியல் படிக்கிறான். துப்பாக்கி ஆட்டம் ஆடுகிறான். "மாமா, நீங்க ஆடுறது டைம்பாஸ். நான் ஆடுறது இ-ஸ்போர்ட்ஸ்" என்பான். ஹாங்சோவில் 2023இல் நடந்த ஆசிய விளையாட்டில் இதற்குப் பதக்கமே கொடுத்தார்கள், உண்மைதான். பி.டி. உஷாவைப் பார்த்து ஓடப் போன பிள்ளைகள் காலையில் ஐந்து மணிக்கு எழுந்தார்கள். இவன் ஐந்து மணிக்குத் தூங்கப் போகிறான். நான் மாடிக்கு ஏறும்போது அவன் இறங்கி வருவான். இரண்டு தொழிலாளிகள் ஷிப்ட் மாறுகிற மாதிரி ஒருவரையொருவர் பார்த்துத் தலையசைப்போம்.

ஆக்ஸி இன்ஃபினிட்டி என்ற ஆட்டத்தின் கதையையும் அவன்தான் சொன்னான். 2021இல் ஊரடங்கில் வேலை போன பிலிப்பைன்ஸ்காரர்கள் பலர் அதை ஆடியே குடும்பம் நடத்தினார்கள். ஆட ஆட டோக்கன் கிடைக்கும், அதை விற்றுக் காசாக்கலாம். ஆனால் ஆட ஆரம்பிக்கவே மூன்று பொம்மை ஜந்துக்கள் வேண்டும். அவற்றை வாங்கச் சில நூறு டாலர். அவ்வளவு இல்லாதவர்களுக்கு, இருப்பவர்கள் ஜந்துக்களை ஆடக் கொடுத்துவிட்டு, கிடைப்பதில் ஒரு பங்கு வாங்கிக்கொண்டார்கள்.

நான் தஞ்சாவூர்ப் பக்கத்து ஆள். இதற்கு எங்கள் ஊரில் வாரம் என்று பெயர். நிலம் பண்ணையாருடையது, உழவு உன்னுடையது, களத்தில் நெல்லைக் கொட்டியதும் பண்ணையார் ஆள் மரக்காலோடு வந்து நிற்பான். அதைச் சட்டம் போட்டு, போராட்டம் நடத்தி மாற்ற எங்களுக்கு எத்தனை வருடம் ஆனது! கைபேசிக்குள் அது ஒரே வருடத்தில் முளைத்துவிட்டது. வாரத்துக்கு ஆடுகிறவர்களுக்கு 'ஸ்காலர்' என்று பெயர் வைத்தார்கள். எங்கள் பண்ணையாருக்குக்கூட இது தோன்றவில்லை. பிறகு டோக்கன் விலை தரையைத் தொட்டது. 2022 மார்ச்சில் அந்த ஆட்டத்தின் பணம் போய்வருகிற மின்னணுப் பாலத்தை உடைத்து அறுபது கோடி டாலருக்கு மேல் அள்ளிக்கொண்டு போனார்கள். வட கொரியக் கும்பல் என்று அமெரிக்காவின் எஃப்.பி.ஐ. சொன்னது. ஆட்டத்தில் நிஜமாகவே சம்பாதித்தவர்கள் என்று எனக்கு உறுதியாகத் தெரிந்தது அவர்களைத்தான். இதை மூன்றாவது வழியாக வைத்துக்கொள்வதா என்பதை உங்களிடமே விட்டுவிடுகிறேன்.

நாலாவது வழியை எழுதத் தொடங்கியபோது போன் அடித்தது. கும்பகோணத்திலிருந்து அத்தை. வயது எழுபத்து நாலு, முழங்கால் வலி, வெளியே போவதில்லை. போன மாதம் பொழுது போகட்டும் என்று என் லிங்க்கை அவருக்கு அனுப்பியிருந்தேன். நம் லிங்க்கில் சேர்ந்தவர்கள் சம்பாதிப்பதில் பத்தில் ஒரு பங்கு நமக்கு வரும், அதை அவரிடம் சொல்ல நேரம் வாய்க்கவில்லை.

"டேய், 999 ரூபா 70 பைசா ஆயிருச்சுடா! இன்னும் முப்பது பைசாதான். காலைலேந்து எண்ணு நகரவே மாட்டேங்குது. போன் ரிப்பேரா?"

மூலையில் பார்த்தேன். 999.74.

"இல்ல அத்தை, போன் நல்லாத்தான் இருக்கு. நடுவுல விட்டுடாதீங்க, ஆடுங்க."