விண்டோஸுக்குள் ஒரு கையெழுத்து

1976-இல் மைக்ரோசாஃப்டின் பில் கேட்ஸ் ஒரு திறந்த மடல் எழுதினார். பொழுதுபோக்காகக் கணினி வைத்திருப்பவர்களில் பெரும்பாலோர் மென்பொருளைத் திருடுகிறார்கள் என்று அதில் வறுத்தெடுத்தார். நியாயமான கோபம்தான். படிப்பது ராமாயணம் சரி, இடிப்பது எந்தக் கோயில் என்று தெரிய 2004 ஆயிற்று.

அந்த ஆண்டு 'பிசி வெல்ட்' என்ற ஜெர்மன் பத்திரிகை விண்டோஸ் எக்ஸ்பியைக் குடைந்து பார்த்தது. மீடியா பிளேயரை அறிமுகப்படுத்தும் பகுதிக்கென்று சில வேவ் ஒலிக்கோப்புகள். நோட்பேடில் திறந்தால், புரியாத குறிகளுக்கெல்லாம் அடியில், சவுண்ட் ஃபோர்ஜ் 4.5 என்ற ஒலித்தொகுப்பு மென்பொருளின் பெயருக்குப் பக்கத்தில் 'டீப்ஸோன்' என்று ஒரு கையெழுத்து. யார் இந்த மகான்? இசை மென்பொருள்களின் பூட்டை உடைப்பதில் பேர்போன 'ரேடியம்' கும்பலின் ஆள். கிராக் செய்த சவுண்ட் ஃபோர்ஜில் வேலை நடந்திருக்கிறது என்றுதானே அர்த்தம்? சில நூறு டாலர் சமாச்சாரம். பாவம், மைக்ரோசாஃப்ட் கையில் சில்லறை இல்லை போலும். செய்தது வெளியாளாகவே இருக்கட்டும்; பெட்டியில் போட்டு உலகெங்கும் விற்றது யார்?

கலைஞர்கள் மட்டும் என்ன ஒழுங்கு? 2016 பிப்ரவரியில் ராப் பாடகர் கான்யே வெஸ்டின் 'தி லைஃப் ஆஃப் பாப்லோ' ஆல்பம் டைடல் ஸ்ட்ரீமிங் சேவையில் மட்டும் வெளிவந்து, டோரண்டில் பறந்தது. டோரண்ட் தளமான பைரட் பே மீது அவர் வழக்குப் போட யோசிப்பதாகச் செய்தி வந்தது. அடுத்த மாதமே, தான் கேட்கும் பாட்டைக் காட்ட லேப்டாப் திரையைப் படமெடுத்து ட்விட்டரில் போட்டார். மேலே திறந்து கிடந்த டேப்களில் ஒன்று அதே பைரட் பே! அதில் செரம் என்ற மென்பொருள் சிந்தசைசர். ஸ்டீவ் டூடா உருவாக்கியது, அன்றைய விலை 189 டாலர். உமக்காக நிதி திரட்டட்டுமா என்று எலித்தலை முகமூடி போடும் இசைக்கலைஞர் டெட்மவுஸ் கேட்டார். பிறந்தநாள் விழாக்களுக்கு வருவீரா, என் மகளுக்கு மின்னி மவுஸ் பிடிக்கும் என்று கான்யேயிடமிருந்து பதில் வந்தது. துரைக்கு வெட்கமாவது ஒன்றாவது!

பூட்டை உடைக்கிறவனே தேவலாம். பிடித்திருந்தால் காசு கொடுத்து வாங்குங்கள் என்று கிராக்கோடு ஒரு குறிப்பாவது வைக்கிறான். அதற்காக அவனுக்கு மாலை போட வேண்டாம், அவன் அடிப்பதும் டூடா போன்றவர்களின் வயிற்றில்தான். ஆனால் படுக்கையறையில் பீட் போடும் பையன் இறக்கினால் திருட்டு, பெரிய மனிதர் இறக்கினால் தமாஷா? காசு கொடுத்து வாங்கிய அப்பாவியோ, சில மென்பொருள்களுக்கு உரிமச் சாவியான யுஎஸ்பி டாங்கிளைத் தொலைத்துவிட்டால் தன் பாட்டையே திறக்க முடியாமல் கம்பெனி வாசலில் மனுவோடு நிற்க வேண்டும்.

அதே 2016-இல் ஸ்பிளைஸ் நிறுவனம் செரமுக்குத் தவணைத் திட்டம் கொண்டுவந்தது, மாதம் 9.99 டாலர். தனக்கு 5 கோடியே 30 லட்சம் டாலர் கடன் என்று கான்யே ட்விட்டரில் புலம்பியதும் அந்த ஆண்டுதான். கடன்காரர்கள் தவணையிலேயே கட்டலாம்.