திமில் இல்லாத எதிரி

அலங்காநல்லூர் வாடிவாசலில் காளை எந்தப் பக்கமிருந்து வரும் என்பது எல்லோருக்கும் தெரியும். அதற்கு மருத்துவப் பரிசோதனை உண்டு, டோக்கன் உண்டு, யார் வீட்டு மாடு என்று மைக்கில் அறிவிப்பு உண்டு. பிடிக்கிறவர் திமிலைத்தான் பிடிக்க வேண்டும், வாலைத் தொட்டால் வெளியே போக வேண்டும். எதிரியை இவ்வளவு ஒழுங்காகச் சந்திக்கிற ஊரில், விளக்கை அணைத்ததும் கட்டில் சட்டத்திலிருந்து கிளம்பி வருகிற மூட்டைப்பூச்சியை மட்டும் எந்த விதியும் கட்டுப்படுத்துவதில்லை. அதற்குத் திமிலும் இல்லை, ஏ.டி.எம். கார்டு நுழைகிற இடுக்கு போதும், குடும்பத்தோடு குடியேறிவிடும். அதனால் என் கட்சி இதுதான்: இந்தச் சண்டையை உடம்பில் வைத்துப் போட்டால் தோல்வி நிச்சயம். கட்டில் மூட்டில் வைத்துப் போட வேண்டும்.

ஆனால் நாம் உடம்பைத்தான் கவனிக்கிறோம். வேப்பெண்ணெய், மஞ்சள், டெட்டால் குளியல் என்று நம் தோலுக்கு நடக்கிற உபசாரம் கொஞ்சமல்ல. பேன் என்றால் இதெல்லாம் பொருந்தும், அது நம்மிடமே வாடகையில்லாமல் குடியிருக்கிற ஜீவன். மூட்டைப்பூச்சியோ நாம் விடுகிற மூச்சையும் உடம்புச் சூட்டையும் மோப்பம் பிடித்து வந்து, ஐந்து பத்து நிமிடத்தில் குடித்து முடித்துவிட்டு, இருப்பிடம் போய்ச் சேர்ந்துவிடும். நாம் விழித்துச் சொறியும்போது அடிபடுவது நம் தொடை மட்டுமே. இன்னொரு சங்கடமும் உண்டு. தடிப்பு வருவது அதன் எச்சிலுக்கு நம் உடல் காட்டும் ஒவ்வாமையால். சிலருக்கு அது வருவதே இல்லை. ஒரே கட்டிலில் கணவர் முதுகெல்லாம் வரிவரியாக வீங்கி எழுந்திருக்க, மனைவி “எனக்கு ஒண்ணும் கடிக்கலையே, உங்களுக்குத்தான் மனப்பிராந்தி” என்பார். அவர் பொய் சொல்லவில்லை, இருவரையும் கடித்திருக்கிறது. தீர்ப்புச் சொல்ல வேண்டியது தோல் அல்ல. மெத்தைத் தையலோரம் பேனா மை சிந்தியதுபோல் தெரிகிற கரும்புள்ளிகள்.

நல்ல மருந்தாக அடித்தால் தீராதா என்று கேட்பார்கள். மருந்தின் சரித்திரம் அவர்களுக்குச் சாதகமாக இல்லை. டி.டி.டி. பூச்சியைக் கொல்லும் என்று பால் முல்லர் 1939இல் கண்டுபிடித்தார், 1948இல் நோபல் பரிசு வாங்கினார். அதற்கு முந்தைய வருடமே ஹவாயின் பேர்ல் ஹார்பரில் அந்த மருந்துக்கு அசையாத மூட்டைப்பூச்சிகள் தென்பட்டுவிட்டன. இந்தியாவில் 1953இல் மலேரியா கட்டுப்பாட்டுத் திட்டம் வந்தபோது வீட்டுச் சுவர்களில் டி.டி.டி. அடித்தார்கள். கொசுவோடு மூட்டைப்பூச்சியும் ஒழிந்தது, ஜனங்களுக்குப் பரம சந்தோஷம். சில வருடங்களில் பூச்சி மருந்துக்குப் பழகிவிட்டது. மருந்து அடித்த பிறகுதான் கடி அதிகம் என்று சொல்லி, மருந்தடிக்க வந்தவர்களை வாசலிலேயே திருப்பி அனுப்பியவர்கள் உண்டு. கொசுவை ஒழிக்கும் அரசுத் திட்டத்தை ஒரு மூட்டைப்பூச்சி மறித்து நின்றதென்றால், அதை நின்று விளையாடிய காளை என்றே அறிவிக்கலாம். பின்னால் வந்த டிக்-20க்கும் இன்றைய ஸ்பிரேக்களுக்கும் முட்டை பெரும் தொல்லை. தப்பிய முட்டை ஆறிலிருந்து பத்து நாளுக்குள் பொரித்துவிடும். ஒரே தடவை அடித்துவிட்டு நிம்மதியாகப் படுப்பவர் புதிய தலைமுறைக்கு விருந்து வைக்கிறார். வயலுக்கு வாங்கியதை மெத்தைக்கு அடிப்பவர்களைப் பற்றி என்ன சொல்ல? பூச்சிக்கு முன்னால் படுப்பவருக்குத்தான் மூச்சு முட்டும்.

சரி, மதுரை வெயில் இருக்கிறதே என்பது அடுத்த வாதம். பாதி நியாயம். மூட்டைப்பூச்சி சாக ஐம்பது டிகிரியை ஒட்டிய சூடு வேண்டும், அதுவும் அது இருக்கிற இடத்தில். சித்திரை வெயிலில் இலவம்பஞ்சு மெத்தையின் மேல்பக்கம் கொதிக்கும், பூச்சி நிதானமாக அடிப்பக்கத்துக்கு இடம் மாறும். கயிற்றுக் கட்டிலை வாசலில் சாய்த்து மூட்டு மூட்டாகக் கொதிநீர் ஊற்றிய நம் பாட்டிமார்தான் விஷயம் தெரிந்தவர்கள். சூடு நேராக இடுக்குக்கே போனது, முட்டையும் வெந்தது. அவர்கள் அதோடு விடாமல் வாராவாரம் ஊற்றினார்கள் என்பதையும் சேர்த்துக்கொள்ள வேண்டும்.

இதையெல்லாம் வாசலில் வைத்துச் செய்தால் தெருவுக்குத் தெரிந்துவிடுமே என்பதுதான் உள்ளபடியான தடை. மூட்டைப்பூச்சி இருந்தால் அழுக்குக் குடும்பம் என்று பேர் வரும். 2023இல் பாரீஸ் நகரமே மெட்ரோ இருக்கையில் உட்காரத் தயங்கியது. அங்கே சோப்புக்குப் பஞ்சமில்லை. பூச்சிக்கு வேண்டியது ரத்தமும் பயணம் போக ஒரு பையும். பொங்கலுக்கு ஜல்லிக்கட்டு பார்க்க வருகிற மாப்பிள்ளையின் சூட்கேஸ் எந்த லாட்ஜில் தங்கி வந்ததோ! ஆனாலும் பழி முதலில் விழுவது மாடியில் குடியிருக்கிற பேச்சிலர் பையன்கள் மேல்தான். பஞ்சதந்திரத்திலும் இதே கதை: ராஜாவை அவசரப்பட்டுக் கடித்தது மூட்டைப்பூச்சி, காவலர்கள் தேடிப்பிடித்து நசுக்கியது அங்கே குடியிருந்த பேனை. கடித்தது கட்டில் இடுக்கில் போய் ஒளிந்துகொண்டது. அரண்மனையில் வெந்நீருக்கா பஞ்சம்?