விடிய விடியன்னா விடியணும்டா!

வாடா பேராண்டி, உக்காரு. வாகைச் சிலாம்பு குத்தும், பாத்து உக்காரு. பெங்களூருல என்னமோ புதுக்கலை கண்டுபுடிச்சிருக்கியாமே? வெளிச்சம், சத்தம், காலம் மூணையும் ஒண்ணாக் கொழைச்சு, இருட்டு ரூமுல ஏழு நிமிசம் காட்டப்போறியாம். உலகத்துலயே இதுவரைக்கும் இல்லாததாம். உங்கம்மா சொல்லச் சொல்ல எனக்குப் புல்லரிச்சுப் போச்சு. தம்மம்பட்டித் தண்ணி குடிச்ச பயலுக்கு இவ்வளவு மூளையான்னு கொஞ்சம் சந்தேகமும் வந்துச்சு.

ஆனா கண்ணு, போன பொங்கலுக்கு நீதானே சொன்ன? ருஷ்யாவுல ஸ்க்ரியாபின்னு ஒருத்தன், பாட்டோட சேத்து கலர் வெளிச்சத்தையும் வாசிக்கணும்னு 1910-லயே எழுதி வச்சானாம். 1911-ல மாஸ்கோவுல அரங்கேத்தினப்போ வெளிச்சமே இல்லாமத்தான் வாசிச்சாங்களாம். 1915-ல நியூயார்க்குலதான் கலரைக் கண்ணால பாத்தாங்களாம். அந்தக் கணக்குல நீ நூறு வருசத்துக்கு மேல பிந்திட்ட சாமி. பரவாயில்ல, நம்மூரு பஸ்ஸும் அப்படித்தான் வருது.

ருஷ்யாவ விடு, டிக்கெட்டு செலவு தாங்காது. நம்ம சேலத்துப் பக்கத்துக் கூத்த எடுத்துக்க. வேசக்காரன் தலையில கிரீடம், தோள்ல புஜக்கட்டை, நெஞ்சுல மார்க்கட்டை. ராத்திரி பூரா சொமக்கணுமேன்னு கனமில்லாத கல்யாண முருங்கையில செஞ்சிருப்பாங்க. மரவேலைக்காரன் சொல்றேன், கையில வாங்கிப் பாரு, சோளத்தட்டு மாதிரி கனமே இருக்காது. மேல துண்டு துண்டாக் கண்ணாடி பதிச்சிருக்கும். அழகுக்குன்னு நெனைச்சியா? தீவட்டியோ பெட்ரோமாக்ஸோ, இருக்குறது ஒரே வெளக்கு. அவன் சுத்தி ஆடுனான்னா அந்த ஒரு வெளக்கு நூறு துண்டா ஒடைஞ்சு சனங்க மூஞ்சி மேலயெல்லாம் ஓடும். உன் லேசருக்குக் கரண்டு பில்லு எவ்வளவு வரும்?

சத்தத்துக்கு மிருதங்கம், தாளம், முகவீணை, ஆர்மோனியம். மைக்கு வர்றதுக்கு முந்தி, கடைசிப் பாயில உக்காந்திருக்கிற கெழவி காதுலயும் விழணும்னுதான் உச்சக்குரல்ல பாடுனாங்க. காலம்? அதுலதான் எங்காளு உன்ன முழுங்கிட்டான். துரோபதையம்மன் கோயில்ல பதினெட்டாம் போரு நடத்தினா, ராத்திரி ஆரம்பிச்சு விடியவிடிய சண்டை. காலையில மண்ணால செஞ்ச துரியோதனன் படுத்துக் கெடப்பான், பீமன் வந்து தொடையில அடிப்பான். கடைசிக் காட்சிக்குச் சூரியனையே வெளக்குக்காரனா வச்சுக்கிட்டான்டா! மின்வாரியத்துல மனு குடுத்தானா?

அப்புறம் தோல்பாவைக்காரன். கலர் பூசின ஆட்டுத்தோலுக்குப் பின்னால ஒரு வெளக்கு. ராமனுக்கும் ராவணனுக்கும் அவன் ஒருத்தனே தொண்டை. அதுக்கப்புறம் சினிமா. நம்ம சேலத்துல டி.ஆர். சுந்தரம் 1935-ல மாடர்ன் தியேட்டர்ஸ் ஆரம்பிச்சாரு. 1956-ல 'அலிபாபாவும் 40 திருடர்களும்' எடுத்துத் தமிழுக்கு மொத முழுநீளக் கலர் படம் குடுத்தாரு. நொடிக்கு 24 படம் ஓடுச்சு. நாங்க தரை டிக்கெட்டுல உக்காந்து மணலக் குமிச்சுக்கிட்டு எல்லாத்தையும் பாத்தோம். புதுக்கலைன்னு எவனும் எங்ககிட்டச் சொல்லல. சொல்லியிருந்தா பயந்து போயிருப்போம்.

காலத்த இன்னும் இழுக்கணுமா? நீ சொன்ன ஜெர்மனி சமாச்சாரம் இருக்கே, ஹால்பர்ஸ்டாட் சர்ச்சுல! ஜான் கேஜோட பாட்டு 2001 செப்டம்பர்ல ஆரம்பிச்சு 2640 வரைக்கும் ஓடுமாம். மொதப் பதினேழு மாசம் ஒரு சத்தமும் இல்லையாம். இதக் கேட்டு உங்க பாட்டி சிரிச்சா. அவ என்கிட்டக் கோவிச்சுக்கிட்டா அந்தச் சாதனை தானா நடக்கும்.

செய்ய வேணாங்கல, தாராளமாச் செய். கெழவன் சொல்றத மட்டும் காதுல போட்டுக்க. கரண்டு போனா உன் கலை என்ன ஆகும்னு முன்னாடியே யோசி. கூத்துல வெளக்கு அணைஞ்சா, கட்டியக்காரன் பஞ்சாயத்துத் தலைவரத் திட்டியே அரைமணி நேரம் ஓட்டிருவான். அப்புறம், உன் ரூமுல ஒருத்தன் தூங்கிட்டான்னா ஏழு நிமிசமும் போச்சு. கூத்துல பாதி ஊரு தூங்கும். பாஞ்சாலி கத்துற சத்தத்துல முழிச்சுப் பாத்து, 'இன்னும் துகிலுதான் உரியறானா?'ன்னு கேட்டுட்டு மறுபடி படுத்துக்கும். அந்தத் தூக்கமும் ஆட்டத்துல சேத்திதான். வெளிச்சத்தயும் சத்தத்தயும் நீ வெலைக்கு வாங்கிரலாம். காலத்த மட்டும் சனங்கதான் குடுக்கணும். உனக்கு ஏழு நிமிசம் போதும்னு நீயே முடிவு பண்ணிக்கிட்டா அவங்க எதுக்கு ராத்திரியக் குடுப்பாங்க?

அதனால ஆடி மாசம் லீவு போட்டுட்டு வா. ஒரு பாய எடுத்துக்கிட்டுக் கூத்துக்குப் போயி, செல்போன அணைச்சுட்டு, விடியிற வரைக்கும் உக்காரு. உன் புதுக்கலைக்கு மானியம் ஏதாச்சும் வந்துச்சுன்னா மொதல்ல அந்த ஆட்டக்காரங்களக் கூப்புட்டு நாலு காசு குடு. கண்டுபுடிச்சவன்னு உன் பேர எவ்வளவு பெருசா வேணும்னாலும் போட்டுக்க. பலகைய நானே வாகையில செதுக்கித் தர்றேன். புவிசார் குறியீடு வாங்கின ஊரு வேலைடா, எழுத்துக் கணக்குல கூலி. பேராண்டிக்குத் தள்ளுபடி கெடையாது. உன் பேரு வேற நீளம்.